ஈலான்: பேச்சுப் பதிவைப் படியெடுப்பவர்களுக்கு

எழுத்து வழக்கில்லாத ஒரு சிறு மொழியின் பெரியவர்களைப் பேசவிட்டுப் பதிவு செய்வதும், பிறகு அதைக் கேட்டுக் கேட்டு எழுதுவதும் என் வேலை. பதிவு செய்வது சுலபம். எழுதுவதுதான் இடுப்பை ஒடிக்கும். ஒரு நிமிடப் பேச்சு ஒரு மணி நேரத்தை விழுங்கிவிடும்.

இதற்கு நான் நம்பியிருப்பது ஈலான் (ELAN) என்ற கணினி மென்பொருள். நெதர்லாந்தின் நைமேகன் நகரிலுள்ள மாக்ஸ் பிளாங்க் உளமொழியியல் நிறுவனம் உருவாக்கியது. இலவசம். விண்டோஸ், மேக், லினக்ஸ் எதிலும் ஓடும்.

திரையில் ஒலி அலை ஓடும், அதன் கீழே அடுக்கடுக்காக வரிசைகள். முதல் வரிசையில் பாட்டி சொன்னது அப்படியே, அடுத்ததில் சொல்லுக்குச் சொல் பொருள், அதற்கும் கீழே முழு மொழிபெயர்ப்பு. பாட்டி கதை சொல்லும்போது தாத்தா குறுக்கே புகுந்து திருத்துவார் அல்லவா, அவருக்கும் தனி வரிசை உண்டு. (பாதி இலக்கணம் அவர் திருத்தங்களில்தான் கிடைக்கிறது.) வேகத்தைக் குறைத்தும் கேட்கலாம், சொல்லின் கடைசியில் தேய்ந்துபோகும் உயிரொலி அப்போதுதான் காதில் விழும்.

எனக்கு ரொம்பப் பிடித்தது வேறொன்று. கணக்குத் தொடங்க வேண்டாம், இணையம் வேண்டாம், பதிவு கணினியை விட்டு வெளியே போகாது. குறிப்புகள் எக்ஸ்எம்எல் (XML) என்ற வெறும் எழுத்துக் கோப்பாகச் சேமிக்கப்படுவதால் இந்த மென்பொருள் இல்லாமலும் திறந்து படிக்கலாம். குரலை ஏற்றினால் தானாகவே எழுதித்தரும் இணையச் சேவை ஒன்றை முன்பு பார்த்தேன். ஏற்றிய குரலை என்ன செய்வார்கள் என்பதற்கு விதிமுறைகளில் தெளிவான பதிலே இல்லை. வேண்டாம் என்று விட்டுவிட்டேன். சில கதைகளை வெளியாரிடம் சொல்லக் கூடாது என்று பெரியவர்களே தடுப்பதுண்டு. தங்கள் மொழியையும் வாய்மொழி மரபையும் அடுத்த தலைமுறைக்குக் கடத்தும் உரிமை பழங்குடிகளுக்கு உண்டு என்று ஐ.நா.வின் 2007 பிரகடனம் 13-ஆவது பிரிவில் சொல்கிறது. அப்படியிருக்க, குரலை யாரோ ஒருவரின் சர்வரில் எப்படிக் கொண்டுபோய்க் கொட்டுவது?

சரி, குறைகள். எந்த வரிசை எதற்குக் கீழே என்று முதலிலேயே வகைப்படுத்த வேண்டும். புதியவர்கள் அங்கேயே மிரண்டுவிடுவார்கள். ஒலிக்கோப்பும் குறிப்புக்கோப்பும் தனித்தனி, இரண்டையும் சேர்த்தே நகலெடுக்க வேண்டும். பெரிய குறை, கைபேசியில் ஓடாது. அந்த மொழி பேசும் இளைஞர்களிடம் இருப்பதோ கைபேசி மட்டும்தான். அதனால் எழுதும் வேலை என்னைப் போன்ற வெளியாரிடமே தங்கிவிடுகிறது.

இளைஞர் யாராவது கணினியில் உட்கார முன்வந்தால், வரிசைகளை நானே அமைத்து, பேச்சைத் துண்டுகளாக வெட்டி, ஈலானில் படியெடுப்பதற்கென்றே உள்ள திரையை (Transcription Mode) திறந்துவைத்துவிடுவேன். அதில் வெறும் கட்டங்கள்தான். டேப் விசையைத் தட்டினால் அந்தத் துண்டு மறுபடி ஒலிக்கும். மற்ற மெனுக்களை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.