ஊட்டி ரிசப்ஷனில் என்ன குடிக்கக் கொடுப்பது: ரோஸ்மில்க்கா, மெஷின் டீயா, டீ மாஸ்டரா?

தை பிறந்ததும் அண்ணன் மகளுக்குக் கல்யாணம். முகூர்த்தம் திருப்பூரில், ரிசப்ஷன் இங்கே ஊட்டியில், சாயங்காலம் ஆறரைக்கு மேல். சாப்பாடு அண்ணன் பொறுப்பு, மேடையும் பாட்டும் பிள்ளைகள் பொறுப்பு, "குடிக்கிற சமாச்சாரத்தை மட்டும் நீ பாத்துக்க" என்று அதை என் தலையில் கட்டிவிட்டார்கள். என்ன பெரிய வேலை என்று தலையாட்டிவிட்டேன். விசாரிக்க ஆரம்பித்த பிறகுதான் தெரிகிறது, 600 பேருக்குச் சோறு போடுவதைவிட 600 பேர் கையில் சூடாக ஒரு டம்ளர் கொடுப்பது கஷ்டம், அதுவும் தை மாதத்து ஊட்டியில்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் இதே மாதிரி பனிக்காலத்தில் சொந்தக்காரர் வீட்டு ரிசப்ஷன் ஒன்றுக்குப் போயிருந்தோம். கீழேயிருந்து வந்த சமையல் கான்ட்ராக்டர். வாசலிலேயே மேஜை போட்டு ஐஸ் மிதக்கும் ரோஸ்மில்க், பச்சைக் கலரில் புதினா ஜூஸ், பார்க்க அழகாகத்தான் இருந்தது. ஸ்வெட்டருக்கு மேல் சால்வை போர்த்தியிருந்தவர்கள் மரியாதைக்கு ஒரு டம்ளர் வாங்கி, ஒரு வாய் உறிஞ்சி, மெதுவாக நாற்காலிக்கு அடியில் வைத்துவிட்டார்கள். கூட்டம் கலைந்தபோது பார்த்தால் வரிசை வரிசையாக நாற்காலிக்கடியில் ரோஸ் கலர் டம்ளர்கள். அதே நேரம் பின்பக்கம் சமையல்கட்டு வாசலில் பெரியவர்கள் ஏழெட்டுப் பேர், மாத்திரை போட வெந்நீர் கேட்டு நின்றுகொண்டிருந்தார்கள். அதனால் இந்த முறை யார் என்ன பேக்கேஜ் சொன்னாலும் என் முதல் கேள்வி ஒன்றுதான்: சூடாக என்ன தருவீங்க, எவ்வளவு நேரத்துக்குத் தருவீங்க?

முதலில் வெல்கம் டிரிங்க். கேட்டரிங்காரர்கள் எல்லோரும் இதைச் சாப்பாட்டு ரேட்டோடு சேர்த்தே சொல்கிறார்கள், ரோஸ்மில்க், பாதாம் பால், லெமன் மின்ட் மூன்றில் ஒன்று. கோயம்புத்தூர் மண்டபத்தில் வெயிலில் வந்து இறங்குகிறவனுக்கு ரோஸ்மில்க் தேவாமிர்தம், மறுக்கவில்லை. இங்கே கதை வேறு. மேட்டுப்பாளையம் தாண்டி 14 கொண்டை ஊசி வளைவு ஏறி, பாதிப் பேர் வயிற்றைப் பிரட்டிக்கொண்டு வந்து இறங்குகிறார்கள். அவர்களிடம் குளிர்ந்த பாலையும் சீனியையும் நீட்டுவது விருந்தோம்பலா தண்டனையா என்று நீங்களே சொல்லுங்கள். சூடான பாதாம் பால் கொஞ்சம் பரவாயில்லை, ஆனால் திகட்டும், பந்தியில் கை வைக்கவிடாது, அடுப்பிலேயே கிடந்தால் அடிப்பிடித்து வாடை வேறு.

என் ஓட்டு சுக்கு மல்லி காபிக்கு. சுக்கு, கொத்தமல்லி, கொஞ்சம் மிளகு, கருப்பட்டி. பால் கிடையாது, அதனால் திரிகிற பயம் இல்லை, இரண்டு மணி நேரம் சிம்மில் கிடந்தாலும் கெடாது, டீ மாதிரி கசந்தும் போகாது. வளைவில் ஏறி வந்த வயிற்றுக்கும் இதம். சின்ன டம்ளரில் அறுபது மில்லி போதும். சர்க்கரை நோய்க்காரர்களுக்காகக் கருப்பட்டி போடாமல் ஒரு பாத்திரம் தனியாக எடுத்து வைக்க வேண்டும், அது ஒன்றுதான் கூடுதல் வேலை.

அடுத்தது டீயும் காபியும். இதில்தான் மண்டையை உடைத்துக்கொண்டேன்.

மெஷின் வாடகைக்கு எடு, தொல்லை இல்லை என்றார்கள். ப்ரீமிக்ஸ் பொடி போட்டு பட்டனை அழுத்தினால் டீ, காபி, பால் எல்லாம் வரும். ஆள் கூலி மிச்சம், சுத்தமாகவும் இருக்கும். ஆனால் கணக்குப் போட்டுப் பாருங்கள், ஒரு கப்புக்கு பத்து வினாடி என்று வைத்துக்கொண்டாலும் 600 பேருக்கு 6,000 வினாடி, அதாவது ஒரு மணி நாற்பது நிமிஷம், அதுவும் நடுவில் நிற்காமல் ஓடினால். கரண்ட் போனால் ஜெனரேட்டர் வரும்வரை எல்லோரும் மெஷினைப் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டியதுதான். நான் பார்த்த ப்ரீமிக்ஸில் சர்க்கரை முன்னாலேயே கலந்திருந்தது, எங்கள் வீட்டுப் பெரியவர்களில் சர்க்கரை இல்லாமல் குடிப்பவர்கள்தான் பாதி. எல்லாவற்றுக்கும் மேல், தேயிலைத் தோட்டத்துக்கு நடுவில் மண்டபத்தை வைத்துக்கொண்டு பொடி டீ கொடுத்தால் ஊர்க்காரன் சாகும்வரை சொல்லிக் காட்டுவான்.

பில்டர் காபி என்று அண்ணன் ஆசைப்பட்டார். ருசியில் குறையே சொல்ல முடியாது. ஊட்டி 2,240 மீட்டர் உயரத்தில் இருப்பதால் தண்ணீர் இங்கே 92, 93 டிகிரியிலேயே கொதித்துவிடும், டிகாக்‌ஷன் இறங்க அந்தச் சூடு தாராளம். சிக்கல் செலவிலும் ஆறிப்போவதிலும் இருக்கிறது. ஒரு காபிக்குப் பத்து கிராம் தூள் என்றால் 600 காபிக்கு ஆறு கிலோ. டீக்கு இரண்டரை கிராம் டஸ்ட் (பொடியான தேயிலைத்தூள்) போதும், ஒன்றரை கிலோவில் முடிந்தது. கிலோ விலையிலும் காபித்தூள்தான் மேலே. இதையெல்லாம் விட, காபியை ஒவ்வொரு டம்ளராக டிகாக்‌ஷனும் பாலும் கலந்து ஆற்றித் தர வேண்டும், இந்தக் குளிரில் ஆற்றினால் நிஜமாகவே ஆறிவிடும்.

டீ மாஸ்டர் விஷயத்துக்கு வருகிறேன். பாய்லரோடு ஒரு மாஸ்டர், கையாள் ஒருவர், மண்டபத்து ஓரத்தில் தகரக் கொட்டகை. ஐந்து லிட்டர் ஈடு போட்டால் நூறு மில்லி வீதம் ஐம்பது டம்ளர், ஊற்றி முடிப்பதற்குள் அடுத்த ஈடு தயார். சர்க்கரை இல்லாமல், பால் இல்லாமல், ஸ்ட்ராங்காக, லைட்டாக, யார் எப்படிக் கேட்டாலும் அவருக்கு அது அன்றாட வேலை. நம் ஊர் டஸ்ட் கொதிக்கும் தண்ணீரில் விழுந்ததும் சாயம் இறங்கிவிடும், உயரம் ஒரு பிரச்சினையே இல்லை. நான் பேசிய மாஸ்டர் ஒரு விஷயம் சொன்னார், கீழே இருந்து வருகிற சமையல்காரர்கள் இங்கே மாட்டிக்கொள்வது சிலிண்டரில்தானாம். குளிரில் கேஸ் அழுத்தம் குறைந்து அடுப்பு அழுது வடியும், பாதி சிலிண்டர் மிச்சம் இருக்கும்போதே தீர்ந்துவிட்ட மாதிரி இருக்கும். அதனால் ஒன்றுக்கு இரண்டாகச் சேர்த்து மாட்டுவாராம். இதைத் தானாகச் சொன்னதாலேயே அவருக்கு அட்வான்ஸ் கொடுத்துவிட்டேன். கூட ஆளுக்கு ஒரு வர்க்கி, நம்ம ஊட்டி மொறுமொறு பிஸ்கட். 2023இல் புவிசார் குறியீடு வாங்கிய சரக்கு, வெளியூர்ச் சம்பந்திகளிடம் பெருமை அடித்துக்கொள்ள அதுவும் ஆயிற்று. காபிதான் வேண்டும் என்று அடம்பிடிக்கிற ஐம்பது பேருக்கு அதே கொட்டகையில் ஒரு பில்டர் வைத்தால் தீர்ந்தது.

தண்ணீருக்கு அலசல் எதுவும் தேவையில்லை, மாவட்டமே முடிவு செய்துவிட்டது. சின்ன பிளாஸ்டிக் பாட்டிலுக்கு நீலகிரியில் தடை. பர்லியார், குஞ்சப்பனை சோதனைச் சாவடியில் வண்டியை நிறுத்திப் பார்த்தால் பெட்டி பெட்டியாக இறக்கி வைக்க வேண்டியதுதான். திருப்பூர்க்காரர்களுக்குப் பத்திரிகையோடு, வெளியூர் வண்டி மலைக்கு வர வாங்க வேண்டிய இ-பாஸ் விவரமும் இதுவும் சேர்த்து வாட்ஸப்பில் போட்டாயிற்று. இருபது லிட்டர் கேன் பன்னிரண்டு இருந்தால் ஆளுக்கு இரண்டு டம்ளர் வரும், குளிரில் அவ்வளவுகூடக் குடிக்கமாட்டார்கள். வெந்நீருக்குத் தனியாக ஒரு பாய்லர், சமையல்கட்டில் இல்லை, ஹாலுக்குள்ளேயே, கண்ணில் படுகிற இடத்தில்.

சரக்கு உண்டா என்று மச்சான்மார் இரண்டு பேர் காதைக் கடித்தார்கள். 2023 ஏப்ரலில் கல்யாண மண்டபத்திலும் மது பரிமாற உரிமம் என்று அரசாணை வந்து, எதிர்ப்பு கிளம்பியதும் மண்டபத்தை மட்டும் எடுத்துவிட்டார்கள், அந்தக் கதையைச் சொல்லி அனுப்பிவிட்டேன்.

ரோஸ்மில்க்கை அடியோடு எடுத்துவிடலாம் என்றுதான் இருந்தேன். அண்ணி விடவில்லை. "கலரா ஒண்ணு கூட இல்லாம வாசல் வெறிச்சுன்னு இருக்கும் தம்பி, புள்ளைங்க வேற கேக்கும்." சரி, ஐஸ் போடாமல், குழந்தைகளுக்கு மட்டும் அறுபது டம்ளர் என்று பேசி முடித்தோம்.

இப்போது பாக்கி இருப்பது டம்ளர்தான். பேப்பர் கப்பே பேச்சில் இல்லை, பிளாஸ்டிக் பூசிய கப்புக்கு 2019 ஜனவரியிலிருந்து தமிழ்நாடு முழுக்கத் தடை. வாடகைப் பாத்திரக் கடையில் 600 எவர்சில்வர் டம்ளர் எழுதிக்கொண்டார்கள், நான் 900 கேட்டேன். பச்சைத் தண்ணீரில் கழுவிய டம்ளர் இந்தக் குளிரில் ஐஸ் மாதிரி ஆகிவிடும், அதில் டீ ஊற்றினால் கைக்கு வருவதற்குள் பாதிச் சூடு போய்விடும். வெந்நீரில் அலசி, பாய்லர் பக்கத்தில் கவிழ்த்து வைத்து, காய்ந்த பிறகு எடுக்க வேண்டும் என்றால் கையில் ஒரு பாதி செட் உபரியாக இருந்தே ஆக வேண்டும். அதற்கென்று இரண்டு பெண்களுக்குக் கூலியும் பேசிவிட்டேன். இந்தச் செலவை அண்ணனிடம் இன்னும் சொல்லவில்லை.