ஃபேன்டஸி கொல்லனுக்குக் கையேடு வாங்கப் போகிறீர்களா? கொஞ்சம் நில்லுங்கள்

ஒரு ஃபேன்டஸி தொடர் எழுதிக்கொண்டிருக்கிறேன். நாயகன் இளவரசனும் இல்லை, மந்திரவாதியும் இல்லை. மலையடிவாரத்தில் பட்டறை வைத்திருக்கும் கொல்லன். தலைக்கு மேலே டிராகன் பறக்கும், இவன் பாட்டுக்குக் காலையில் உலை மூட்டுவான், சாயங்காலம் கரிக்கையைக் கழுவிக்கொண்டு படுப்பான். அந்த அன்றாடம்தான் கதை. எனக்கோ சுவரில் ஆணி அடித்ததைத் தவிர சுத்தியலோடு வேறு உறவு கிடையாது.

அந்த இடத்தில்தான் விளம்பரம் என்னைப் பிடித்தது. கற்பனை உலகக் கொல்லர்களைப் பற்றி எழுதுகிறவர்களுக்கான முழுக் கையேடாம். முந்நூறு பக்க மின்னூல், காணொளி வகுப்புகள், போதாததற்கு அனுபவமுள்ள கொல்லர் ஒருவரோடு மூன்று முறை நேரடிப் பேச்சு. விற்றவர் பெயரைப் போடப்போவதில்லை. பெயரை மாற்றிக்கொண்டே இருக்கிறவரைப் பெயர் சொல்லி எச்சரித்து என்ன பயன்? எப்படி விற்றார் என்பதைச் சொல்கிறேன்.

முதல் 12 பக்கம் இலவசம். குறடு பற்றிய அத்தியாயம், அருமையாக இருந்தது. கொல்லன் தன் குறட்டைத் தானே அடித்துக்கொள்வான், தட்டைப் பட்டைக்கு ஒரு வாய், உருண்டைக் கம்பிக்கு வேறு வாய், வாய் பொருந்தாத குறட்டில் பழுத்த இரும்பைப் பிடித்தால் முதல் அடியிலேயே அது துள்ளிப் பறக்கும் என்றெல்லாம் எழுதியிருந்தது. உலைக்களத்தில் வெந்தவன்தான் இதை எழுத முடியும் என்று நம்பிப் பணத்தைக் கட்டினேன். பழைய தொழிற்பயிற்சி நூல் ஒன்றிலிருந்து வரிக்கு வரி உருவிய பக்கங்கள் அவை என்பது பிறகுதான் தெரிந்தது. அவருடைய சொந்தச் சரக்கு 13ஆம் பக்கத்தில் ஆரம்பித்தது.

சொந்தச் சரக்கில் வாள் செய்யும் முறை இதுதான்: எஃகை உருக்கி, வாள் வடிவ அச்சில் ஊற்றி, ஆறவைத்து எடுத்தால் வாள் தயார். படத்தில் பார்க்க ஜோராக இருக்கும். இரும்பு உருக 1538 டிகிரி செல்சியஸ் வேண்டும், கரியும் துருத்தியுமாக இருக்கும் கிராமத்துப் பட்டறை உலையில் அது நடக்காது. பழைய உலைகளில் தாதுவிலிருந்து கிடைத்தது கசடு கலந்த, கடற்பாஞ்சு மாதிரியான கட்டி. அதைக் காய்ச்சிக் காய்ச்சி அடித்துத்தான் கசடை வெளியேற்ற வேண்டும். மூசையில், அதாவது உலோகம் உருக்கும் மண்குடுவையில், உருக்கி எடுத்த உயர்ந்த எஃகுக்கட்டியைக்கூட அதன்பின் அடித்துத்தான் வாளாக நீட்டினார்கள். அச்சில் ஊற்றியது வெண்கல வாளை. கையேட்டுக்காரர் ஒரு யுகத்தையே தள்ளி வைத்துவிட்டார்.

அந்த வாளின் எடை பத்து கிலோ என்றும் எழுதியிருந்தார். ஒரு கையால் வீசும் வாள்கள் பெரும்பாலும் ஒன்று, ஒன்றரை கிலோவுக்குள்தான் இருந்திருக்கின்றன. பத்து கிலோவை வீசினால் எதிரிக்கு முன்னால் நம் தோள்பட்டை விழும்.

எனக்கு இதெல்லாம் அப்போது தெரியாது. அப்படியே நம்பி ஏழாம் அத்தியாயத்தில் என் கொல்லனை எஃகை அச்சில் ஊற்ற வைத்து, பழுக்கப் பழுக்க அந்த வாளை டிராகன் ரத்தத்தில் முக்க வைத்து, பெருமையாக வெளியிட்டேன். கீழே ஒரு வாசகர் ஒரே வரி எழுதினார்: "உங்க கொல்லருக்கு ஆயுசு கெட்டி."

யாரென்று விசாரித்தால், தலைமுறையாகப் பட்டறை வைத்திருக்கிறவர். கொல்லன் தெருவில் ஊசி விற்கக்கூடாது என்பார்கள், நான் இரவல் ஊசியைக் கொண்டுபோய் விற்றிருக்கிறேன். மன்னிப்புக் கேட்டு எழுதினேன். "வந்து பாருங்க தம்பி" என்றார்.

அதற்கு நடுவில் நேரடிப் பேச்சைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். மூன்று தடவையும் அந்த "அனுபவமுள்ள கொல்லர்" கேமராவைத் திறக்கவில்லை. ஒரு நாளைக்கு எத்தனை ஆணி அடிப்பார், கரி யார் கொண்டுவருவார், கூலியைத் தானியமாக வாங்குவாரா காசாகவா என்று கேட்டேன். "அது உங்கள் உலகத்தைப் பொறுத்தது" என்றார். எதைக் கேட்டாலும் அதே பதில். டிராகன் தீயில் காய்ச்சினால் எஃகு எப்படி மாறும் என்றதற்கு மட்டும் உற்சாகமாக, "எவ்வளவு சூடோ அவ்வளவு உறுதி" என்றார். மூன்றாவது பேச்சு பதினொரு நிமிடத்தில் துண்டிக்கப்பட்டது. பிறகு பதில் இல்லை.

பட்டறைக்குப் போகும்போது பையில் ஒரு பழைய தண்ணீர்க் குழாய்த் துண்டையும் எடுத்துக்கொண்டு போனேன். கையேட்டின் கடைசியில் "நீங்களே செய்து பாருங்கள்" என்று ஒரு பயிற்சி: கிடைத்த இரும்புக் குழாயை எடுத்து, சமையலறை அடுப்பிலோ பால்கனியில் கரி மூட்டியோ பழுக்கக் காய்ச்சி, கொக்கி வளைத்துப் பழகலாம். அந்தப் பட்டறைக்கார அண்ணனிடம் காட்டி, சரியாக எப்படிச் செய்வது என்று கேட்கலாம் என்று நினைத்தேன்.

அவர் குழாயை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். ஒரு கம்பி முனையால் சுரண்டினார், வெள்ளி நிறப் பூச்சு உரிந்தது.

"இதை வீட்டுக்குள்ள காய்ச்சிட்டீங்களா?"

"இன்னும் இல்லண்ணே."

"நல்லவேளை."

துத்தநாகப் பூச்சு. உலைச் சூட்டில் அது வெண்புகையாகக் கிளம்பும். அதை மூச்சில் இழுத்தால் சில மணி நேரம் கழித்துக் குளிர்க்காய்ச்சல் மாதிரி உடம்பு உதறும், வாயில் உலோகச் சுவை, நெஞ்சில் இறுக்கம். பெரும்பாலும் ஓரிரு நாளில் தணிந்துவிடும் என்றாலும், மூடிய அறையில் நிறைய இழுத்துவிட்டால் அது விளையாட்டில்லை. கரி அடுப்பை வீட்டுக்குள் மூட்டுவதே கார்பன் மோனாக்சைடுக்குக் கதவைத் திறந்துவிடுகிற வேலை. முந்நூறு பக்கத்தில் இதைப் பற்றி ஒரு வரி கிடையாது. பணம் போனதற்காக நான் பதிவு எழுதுகிறவன் இல்லை. இந்தப் பக்கத்துக்காகத்தான் எழுதுகிறேன். அந்தக் கையேடு ஏற்கெனவே உங்களிடம் இருந்தால், தயவுசெய்து அந்தப் பயிற்சியைச் செய்யாதீர்கள்.

அன்று முழுக்கப் பட்டறையில் ஒரு வாளைக்கூடப் பார்க்கவில்லை. மழுங்கிய உளிகள், வாய் உடைந்த மண்வெட்டி, கதவுக் கீல், ஒரு வாளி நிறைய ஆணி. உள்ளே அரை இருட்டு. பட்டறையை இருட்டாக வைத்திருப்பது வறுமையால் என்று நினைத்திருந்தேன். வெயில் அடித்தால் இரும்பின் நிறம் தெரியாது, நிறம் தெரியாவிட்டால் சூடு தெரியாது. சந்தேகம் வந்தால் காந்தத்தில் தொட்டுப் பார்க்கிறார். 770 டிகிரி வாக்கில் இரும்பைக் காந்தம் இழுக்காது, அதற்குச் சற்று மேலேதான் தோய்ச்சலுக்கான சூடு, அதாவது பழுத்த எஃகைத் தண்ணீரில் முக்கிக் கெட்டியாக்குவதற்கான சூடு. அவருடைய சின்னச் சுத்தியல் தட்டிக் காட்டிய இடத்தில் சம்மட்டிக்காரப் பையன் ஓங்கி அடிக்கிறான். அண்ணன் சுத்தியலை வெறும் பட்டடைக்கல்லில் தட்டியதும் பையன் நிறுத்திவிட்டான். வாய்ப்பேச்சே இல்லை.

ஒரு உளிக்குத் தோய்ச்சல் போட்டதை மட்டும் விரிவாகச் சொல்ல வேண்டும். செக்கச் சிவந்த உளியின் முனையை மட்டும் இரண்டு விரற்கடை தண்ணீரில் முக்கி அசைத்தார். வெளியே எடுத்து, உடனே ஒரு கல்துண்டால் முனையைத் தேய்த்தார். கறுப்பு உரிந்து வெள்ளையாக மின்னியது. "இப்போ பாருங்க." பின்பக்கம் மிச்சமிருந்த சூடு முனையை நோக்கி ஊர்ந்து வந்தது. வைக்கோல் மஞ்சள், பழுப்பு, ஊதா, அதன் பின்னால் நீலம், ஒன்றையொன்று துரத்துகிற மாதிரி. ஊதா முனையைத் தொட்டதும் சொய்யென்று தண்ணீருக்குள் விட்டார். மஞ்சள் என்றால் ஏறத்தாழ 220, 230 டிகிரி, நீலம் 300க்கு அருகில். மஞ்சளிலேயே நிறுத்தினால் உளி கெட்டியாக இருக்கும், ஓங்கி அடித்தால் தெறிக்கும். நீலம் தாண்டவிட்டால் கல்லில் மடங்கும். இந்தப் பத்து விநாடிக்காக நான் முந்நூறு பக்கம் வாங்கினேன், அதில் இது இல்லை.

டிராகன் தீயைப் பற்றி அவரிடமும் கேட்டேன். சிரிக்கவில்லை, யோசித்தார்.

"ஊதுறதை நிறுத்துன்னா நிறுத்துமா?"

"அது டிராகன்ணே. அது இஷ்டம்."

"அப்போ பட்டறைக்குள்ள விடாதீங்க. சூடு ஏத்துறது பெரிசில்ல தம்பி, எங்க நிறுத்துறோம்னு இருக்கு."

அளவு மீறிக் காய்ச்சினால் எஃகுக்குள் இருக்கும் மணிகள் (நுண்ணிய படிகங்கள்) பெருத்து, அது நொறுங்கும், இன்னும் போனால் மத்தாப்பு மாதிரி பொறிவிட்டு எரிந்தேபோகும். கேமரா திறக்காத கொல்லர் சொன்னதற்கு நேர் எதிர். என் டிராகனை இப்போது மலைமேல் கரி சுடும் வேலைக்கு அனுப்பியிருக்கிறேன்.

குறுந்தொகையின் 172ஆம் பாட்டில், ஏழு ஊருக்கும் பொதுவாக ஒரே ஊரில் கட்டிய உலைத் துருத்தி வருகிறது, தலைவியின் ஓயாத நெஞ்சுக்கு உவமையாக. ஏழூர் வேலையும் ஒரு துருத்தியில் வந்து விழுந்தால் அந்தக் கொல்லனின் நாள் எப்படி இருந்திருக்கும்! எனக்கு வேண்டியது அந்த நாள்தான். வீட்டு அலமாரியில் காசில்லாமல் இருந்திருக்கிறது.

பணத்தைத் திருப்பிக் கேட்டதற்கு, மின்னூலைத் திறந்துவிட்டதால் தர முடியாது என்று தானியங்கிப் பதில் வந்தது. திறக்காமல் அது மோசம் என்று எப்படித் தெரியும் என்று கேட்டேன், அதற்கும் அதே பதில். நான் எழுதிய விமர்சனம் மறுநாள் காணவில்லை, ஐந்து நட்சத்திர விமர்சனங்கள் மட்டும் இருந்தன. அவற்றை வரிசையாகப் படித்தபோது, எல்லோரும் குறடு அத்தியாயத்தையே புகழ்ந்திருப்பது கண்ணில் பட்டது. நேரடிப் பேச்சுகள் விளம்பரத்தில் சொன்னபடி நடக்கவில்லை என்று திரைப்பிடிப்புகளோடு அட்டை வழங்கிய வங்கியில் புகார் கொடுத்திருக்கிறேன். விளம்பரப் பக்கத்தை வாங்கும்போதே சேமித்து வைத்திருந்தது ஒன்றுதான் நான் உருப்படியாகச் செய்தது. அவர் இப்போது அந்தப் பக்கத்தில் "நேரடிப் பேச்சு" என்பதை "வழிகாட்டல்" என்று மாற்றிவிட்டார்.

போன வாரம் இன்னொரு விளம்பரம் வந்தது. கற்பனை உலக மருத்துவர்களுக்கான முழுக் கையேடு, மூலிகைகளை நீங்களே தயாரித்துப் பார்க்கும் பயிற்சிகளோடு. விற்பவர் பெயர் புதிது. அட்டையில் அதே எழுத்துரு, சுத்தியல் இருந்த இடத்தில் மருந்து அரைக்கும் கல்வம். முதல் 12 பக்கம் இலவசம். படித்துப் பார்த்தேன், 12 பக்கமும் நன்றாகத்தான் இருக்கின்றன.