வெயின்ஸ்காட்டா, புவாஸ்ரியா?

சுவரில் மரப்பலகை பதிப்பது பற்றிப் பேச்சு வந்தால் இந்த இரண்டு பெயரும் அடிபடும். எதைச் சொல்வது?

உயரம்: வெயின்ஸ்காட் பெரும்பாலும் இடுப்பளவோடு நின்றுவிடும். புவாஸ்ரி பொதுவாகக் கூரை வரை ஏறும்.

பிறப்பு: முன்னது முதலில் உயர்ந்த ரக ஓக் பலகைக்குப் பெயர், அப்புறம்தான் சுவருக்கு வந்தது. இப்போது மரமே இல்லாமல் கீழ்ச்சுவரில் டைல்ஸ் ஒட்டினாலும் அதே பெயர்தான்! பின்னது பிரெஞ்சு, 'புவா' என்றால் மரம்.

வேலைப்பாடு: வெயின்ஸ்காட்டில் சட்டம், பலகை, மேலே ஒரு விளிம்புக் கட்டை. புவாஸ்ரியில் பூவும் கொடியும் செதுக்கித் தங்கமுலாம் பூசியிருப்பார்கள், வெர்சாய் அரண்மனை அறைகளைப் போல.

நாற்காலி உரசாமல் காக்கும் கீழ்ப்பலகைக்கு வெயின்ஸ்காட் சரி. சுவர் நிறையச் செதுக்கு வேலை என்றால் புவாஸ்ரி. வெறும் பலகை அடித்துவிட்டு புவாஸ்ரி என்பது கொஞ்சம் ஓவர். பேனலிங் என்றாலே போதும்.