பாயிண்ட் தேய்கிறது, கார்பு அடி வாங்குகிறது

கோலாலம்பூரில் இருக்கும் நண்பன் போன வாரம் டாட்சன் 120ஒய் என்ற பழைய கார் ஒன்றின் படத்தை அனுப்பி, "மச்சான், விக்கிறவன் 2,000 வெள்ளி இறக்கிட்டான். எடுக்கலாமா?" என்று கேட்டான். வாட்சாப்பில் பதில் தட்டத் தொடங்கினேன். கட்டைவிரல் வலித்ததுதான் மிச்சம். அதனால் உட்கார்ந்து எழுதுகிறேன்.

என்னுடையது 11 வருடமாகப் பினாங்கில் ஓடுகிறது. 1171 சிசி, ஏ12 எஞ்சின், ஹிட்டாச்சி கார்பு (பெட்ரோலையும் காற்றையும் கலந்து எஞ்சினுக்கு அனுப்பும் கார்புரேட்டர்). இதெல்லாம் கேட்டவனுக்கே தெரியும். ரோட் டெக்ஸ் வருடத்துக்கு 55 வெள்ளி. 1.5 மைவி கார் வைத்திருக்கும் என் தம்பி 90 கட்டுகிறான். இதை அவனுக்கு மாதம் ஒருமுறையாவது ஞாபகப்படுத்துவேன். பானெட்டைத் திறந்தால் எஞ்சினுக்கு இரண்டு பக்கமும் கை நுழைய இடம் இருக்கிறது. துரு, கதவு ரப்பர் பற்றித் தனியாகப் புலம்பலாம். இப்போது புலம்ப வேண்டியது வேறு.

ஐட்லிங், அதாவது காலை எடுத்த பிறகும் எஞ்சின் சும்மா ஓடுவது. இந்தக் காடியில் அது ஒரு நிலையில் நிற்காது. ட்யூன் செய்த அன்றைக்கு ஏர் கிளீனர் மூடி மேல் ஐம்பது காசை நிறுத்தி வைத்தாலும் விழாது. இரண்டு மாதம் போனால் ஜெலுத்தோங் சிக்னலில் ஒரு குலுக்குக் குலுக்கி அணைந்துவிடும். பின்னால் நிற்பவன் ஹாரன் அடிப்பான். எனக்கு வியர்க்கும்.

முதல் மூன்று வருடம் நான் குற்றம் சொன்னது கார்பைத்தான். ஒர்க்ஷாப்பில் போமன் வருவார், ஏர் கிளீனரைக் கழற்றுவார், ஐட்லிங் ஸ்குருவை அரைச் சுற்று முறுக்குவார், 30 வெள்ளி வாங்குவார். எஞ்சின் அணையாது, சரிதான். அடுத்த முறை இன்னொரு கால் சுற்று. நானும் ஓவர்ஹால் கிட் வாங்கிக் கார்பை இரண்டு தரம் பிரித்துக் கோத்தேன். ஜெட்டெல்லாம் பளபளத்தது. வியாதி அப்படியே இருந்தது.

இத்தனைக்கும் அந்தக் கார்பின் பக்கவாட்டில் ஒரு சின்னக் கண்ணாடி ஜன்னல் இருக்கிறது. டார்ச் அடித்தால் உள்ளே பெட்ரோல் எந்த மட்டத்தில் நிற்கிறது என்று கண்ணுக்கே தெரியும், குறியோடு ஒப்பிட்டுக்கொள்ளலாம். இதைச் செய்தவன் எவனோ, அவன் கைக்கு மோதிரம் போடலாம். ஊசி வால்வில் ஒருமுறை தூசி மாட்டியதைத் தவிர, நான் பார்த்தபோதெல்லாம் மட்டம் குறியில்தான் நின்றது. அப்படியும் நான் கார்பைத்தான் சந்தேகப்பட்டேன்.

அப்புறம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, எரிச்சலில், ஐட்லிங்கில் போகும் பெட்ரோலைக் கூட்டிக் குறைக்கும் மிக்ஸ்சர் ஸ்குருவை முழுக்க உள்ளே முறுக்கினேன். எஞ்சின் திணறி அணைய வேண்டும். அணையவில்லை. சத்தம்கூட மாறவில்லை. ஸ்குருடிரைவரைக் கையில் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் அப்படியே நின்றேன். ஐட்லிங் ஸ்குருவை ஆளாளுக்கு முறுக்கியதில் காற்றை விடும் த்ராட்டில் தட்டு அளவுக்கு மேல் திறந்து கிடந்திருக்கிறது. பெட்ரோல் ஐட்லிங் துளையை விட்டு அடுத்த துளை வழியாகப் போய்க்கொண்டிருந்தது. மிக்ஸ்சர் ஸ்குருவுக்கு வேலையே இல்லை. தட்டை அவ்வளவு திறக்க வேண்டி வந்தது ஏன்? டைமிங், அதாவது ஸ்பார்க் அடிக்கும் நேரம், பின்னுக்குப் போயிருந்தது. டைமிங் ஏன் போனது? அங்கேதான் பாயிண்ட் வருகிறது, திறக்கும்போது ஸ்பார்க்கை உண்டாக்கும் சின்ன சுவிட்ச்.

பிளக்குகளுக்கு ஸ்பார்க்கைப் பங்கிடும் டிஸ்ட்ரிபியூட்டரின் கேம் சுற்றும்போது பாயிண்டைத் தள்ளித் திறப்பது சுண்டுவிரல் நகத்தைவிடச் சின்ன ஒரு ஃபைபர் கட்டை. அது தேயத் தேய பாயிண்டின் இடைவெளி குறையும், பாயிண்ட் தாமதமாகத் திறக்கும், ஸ்பார்க்கும் தாமதமாகும். இந்த எஞ்சினுக்கு இடைவெளி 0.45 முதல் 0.55 மி.மீ., டுவெல், அதாவது பாயிண்ட் மூடியிருக்கும் கோணம், 49 முதல் 55 டிகிரி. நான் டுவெல்லை 52இல் வைத்து, டைமிங்கை 8 டிகிரியில் பூட்டியிருந்தேன். இரண்டு மாதம் கழித்து மீட்டரை மாட்டினால் டுவெல் 58. டைமிங் லைட் அடித்தால் டைமிங் 2. டுவெல் ஒரு டிகிரி ஏறினால் டைமிங் ஒரு டிகிரி இறங்கும் என்பார்கள். கணக்கு அச்சுப் பிசகாமல் வந்தது. பத்து நிமிடம் சந்தோஷமாக இருந்தேன். அதற்கப்புறம் கோபம் வந்தது.

இப்போது கடையில் விற்கும் பாயிண்ட் இரண்டு மாதம் தாங்கவில்லை. லோரோங் கூலிட் பழைய சாமான் சந்தையில், பெட்டி பழுப்பேறிய ஒரு பழைய செட் 15 வெள்ளிக்குக் கிடைத்தது. அது ஒன்றரை வருடம் அசையாமல் நின்றது. அதற்கப்புறம் ஒவ்வொரு ஞாயிறும் அங்கே போய்த் தேடுகிறேன், இன்னொன்று கிடைக்கவில்லை. நியாயத்தையும் சொல்ல வேண்டும்: முதல் புதுச் செட்டுக்கு கேமில் கிரீஸ் தடவ மறந்தது என் தப்பு. மற்ற மூன்று செட்டுக்கு? பொட்டு கிரீஸ் தடவித்தான் போட்டேன். அவையும் தேய்ந்தன.

ஆகவே இப்போது கார்பைக் கடைசியில்தான் தொடுகிறேன். முதலில் வால்வு இடைவெளி, பிறகு பாயிண்ட், பிறகு டைமிங். லைட்டில் தெரிவதற்காக, டைமிங் குறியான புல்லி வெட்டில் லிக்விட் பேப்பர் ஒரு கோடு. டிஸ்ட்ரிபியூட்டருக்குப் போகும் வேக்கும் ஹோஸைக் கழற்றி அதன் வாயில் ஒரு போல்ட்டைச் செருகிவிட வேண்டும், இல்லாவிட்டால் லைட் பொய் சொல்லும். வெயிலில் கோடு தெரியாது, அதனால் மாலை ஏழு மணிக்கு மேல்தான் இந்த வேலை. டிஸ்ட்ரிபியூட்டரை ரோட்டர் சுற்றும் திசைக்கு எதிராகத் திருப்பினால் டைமிங் முன்னுக்கு வரும், ஐட்லிங் தானாக ஏறும். உடனே ஐட்லிங் ஸ்குருவைத் தளர்த்தலாம். அப்போதுதான் மிக்ஸ்சர் ஸ்குருவுக்கு உயிர் வருகிறது. கால் சுற்றுக்கு எஞ்சின் குரல் மாறும். போல்ட்டை இறுக்கியதும் இன்னொரு தரம் லைட் அடித்துப் பார்க்க வேண்டும். இறுக்கும்போதே ஒரு டிகிரி நகர்ந்துவிடும், திருட்டுப் பயல்.

பரீட்சை ஜாலான் துன் சார்டோன் ஏற்றத்தில். மூன்றாம் கியரில் மிதித்தால் கொலுசு மாதிரி ஒரு சலசலப்பு கேட்டால் டைமிங் அதிகம், ஒரு டிகிரி குறைப்பேன். 97 பெட்ரோல் போடச் சொல்கிறார்கள். 95இலேயே சலசலப்பு அடங்கும்போது 97க்கு எதற்குக் காசு? சரியாக அமைந்த நாளில் பாலிக் பூலாவ் வரை அந்த வளைவுகளில் இந்தக் காடி ஏறும் விதம் இருக்கிறதே, பக்கத்தில் உட்கார்ந்திருந்த என் மனைவியே பேச்சை நிறுத்திவிட்டாள். பயத்தில் என்று பிறகு சொன்னாள்.

சரி, நண்பனுக்குப் பதில். எடுக்காதே. இன்று காலையில்தான் ஐந்தாவது புதுச் செட்டை மாட்டினேன், நகக்கண்ணெல்லாம் கறுப்பாக இருக்கிறது. போன மாதம் மலை இறங்கி வந்த அன்றைக்குக் கேட்டிருந்தால் முன்பணம் கட்டச் சொல்லியிருப்பேன்.

எடுத்தே தீருவேன் என்றால், எஞ்சினைச் சூடாக்கிவிட்டு மிக்ஸ்சர் ஸ்குருவை மெதுவாக உள்ளே முறுக்கு. சுற்றை எண்ணிக்கொள், அடியில் தட்டியதும் நிறுத்து, இறுக்கினால் ஊசி கெட்டுவிடும். எஞ்சின் அணையாவிட்டால் இன்னும் 500 குறைக்கச் சொல். பாயிண்டே வேண்டாம் என்று நினைத்தால் எலக்ட்ரானிக் கிட் ஒன்று என் அலமாரியில் ஒரு வருடமாகப் பிரிக்காமல் கிடக்கிறது. தேய்வதற்கு அதில் கட்டையே இல்லை. நான் மாட்ட மாட்டேன். பாயிண்ட் கருகினால் எமரி பேப்பரால் தேய்த்து வீடு வந்து சேரலாம், கிட் போனால் இழுவை லாரிதான். நீ வந்து எடுத்துக்கொள். வரும்போது பாயிண்ட் இடைவெளி அளக்க ஒரு ஃபீலர் கேஜ் வாங்கி வா, என்னுடையதை யாரோ தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள்.