தேத்தாங்கொட்டை: பல மாரிகள் பயன்படுத்திய அனுபவம்

கற்பனை உலகக் கதைகளில், சேற்று நீரில் இட்டவுடன் அதைப் பளிங்காக்கிவிடும் மந்திரக் கல் அடிக்கடி வருவதுண்டு. மட்டக்களப்பின் படுவான்கரையில் வயல் செய்பவர்களுக்கு அதற்கு மிக நெருங்கிய பொருள் காட்டிலேயே காய்க்கிறது. தேத்தா மரத்தின் கொட்டையைத்தான் சொல்கிறேன். மாரியில் கலங்கிப்போகும் வீட்டுக் கிணற்று நீருக்கும், வயல்வாடியில் தங்கும் நாள்களில் வாய்க்காலிலிருந்து மொள்ளும் நீருக்கும் நெடுங்காலமாக இதையே பயன்படுத்தி வருகிறேன். மண் கலங்கலை இறக்குவதில் இது என்னை ஒருபோதும் கைவிட்டதில்லை. ஆனால் தெளிந்துவிட்டது என்பதற்காக அந்த நீரை அப்படியே குடிப்பவர்களைக் காணும்போது எனக்கு உண்மையில் அச்சமாக இருக்கிறது.

கொட்டை ஏறத்தாழ 1 சென்ரிமீற்றர் அகலம் இருக்கும். மங்கிய மஞ்சள் நிறம், தடவினால் மெல்லிய உரோமம் விரலில் தட்டுப்படும். மினுக்கம் பூசாத மட்பானையின் உட்புறத்தை நனைத்து, அதில் கொட்டையை ஒன்றிரண்டு நிமிடம் வட்டமாக உரைத்தால் பால்நிறக் குழம்பு மெல்லிய படலமாகப் படியும். அதன்மேல் கலங்கிய நீரை ஊற்றி, அகப்பையால் முதலில் வேகமாகவும் பின்னர் மிக மெதுவாகவும் கலக்கிவிட்டு, பானையை அசைக்காமல் வைத்துவிட வேண்டும். இந்த மெதுவான கலக்கலைத்தான் பலரும் விட்டுவிடுகிறார்கள். திரள்கள் ஒன்றோடொன்று சேர்ந்து பெருப்பது அப்போதுதான். கண்ணாடிப் போத்தலில் செய்து பார்த்தால், ஒரே மண்நிறமாக இருந்த நீருக்குள் புள்ளி புள்ளியாகத் துகள்கள் கூடி, கனத்து, ஒவ்வொன்றாகக் கீழிறங்குவதை நன்றாகக் காணலாம். மாலையில் உரைத்து வைத்தால் விடியும்போது அடியில் வழவழப்பான வண்டல் தங்கியிருக்கும். மேல்நீரை மெல்ல மொண்டு துணியில் வடித்துக்கொள்வேன்.

இதில் மறைபொருள் எதுவும் இல்லை. களிமண் துகள்கள் பெரும்பாலும் 2 மைக்ரோமீற்றருக்கும் சிறியவை. அவற்றின் மேற்பரப்பில் எதிர்மின்னூட்டம் இருப்பதால் ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு, நாள்கணக்கில் அடியில் படியாமல் மிதக்கின்றன. கொட்டையிலுள்ள புரதங்களும், கலக்டோமனன் போன்ற நீண்ட சங்கிலி மாச்சத்துகளும் அந்தத் துகள்களைப் பற்றி இணைத்து, தாமாகவே இறங்கும் அளவுக்குப் பாரமாக்குகின்றன. அளவு மிஞ்சினால் துகள்கள் முழுவதும் போர்த்தப்பட்டு மீண்டும் பிரிந்துபோகும். என் மாமி இந்த வேதியியல் எதையும் படித்தவரல்லர். ஆனாலும் பானைக்கு அருகில் இருந்துகொண்டு, "கூட உரைச்சா திரும்பக் கலங்கும் மனே, காணும்" என்று சரியான இடத்தில் நிறுத்துவார்.

படிகாரத்தையும் பயன்படுத்தியிருக்கிறேன். அது விரைவானது, சந்தையில் எளிதாகக் கிடைப்பது. எனினும் சற்றுக் கூடிவிட்டால் துவர்ப்பு நாக்கில் நிற்கும். நீரின் அமிலத்தன்மையையும் அது கூட்டுகிறது. தேத்தாங்கொட்டையில் இந்தக் குறைகள் இல்லை, அதன் வண்டலை வாழையடியில் தயக்கமின்றி ஊற்றலாம். அதற்கு உரிய குறை வேறு: கொட்டையிலிருந்து கரையும் தாவரப் பொருள் நீரில் எஞ்சுவதால், தெளிந்த நீரை நாள்கணக்கில் வைத்திருந்தால் ஒருவித வாடை எழும். ஆகவே அன்றன்றைய தேவைக்கு மட்டுமே உரைப்பது நல்லது.

எல்லாவற்றிலும் முக்கியமானது கிருமி. வண்டலோடு சேர்ந்து ஒரு பகுதி கிருமிகளும் அடியில் இறங்கும் என்பது உண்மைதான். எஞ்சியவை நோய் தரப் போதுமானவை. 2011 ஜனவரியில் மட்டக்களப்பையும் அம்பாறையையும் மூழ்கடித்தது போன்ற வெள்ளத்தில் மலசலகூடக் குழிகளும் கிணறுகளும் ஒரே நீராகிவிடும்போது, எவ்வளவு தெளிந்த நீராயினும் நன்கு கொதிக்க வைத்த பிறகே குடிக்க வேண்டும். கிணற்றை இறைத்துக் குளோரின் இடுவதற்கும் இது மாற்று ஆகாது. ஆனால் குளோரின் இடுவதற்கும், வெயிலில் வைத்துக் கிருமி நீக்குவதற்கும் இது பெருந்துணை: கலங்கல் நீரில் குளோரினின் ஒரு பகுதி அழுக்கோடு வினைபுரிந்தே வீணாகிவிடும், வெயிலின் கதிரும் உள்ளே போகாது. விறகு நனைந்து கிடக்கும் நாள்களில், தெளியவைத்த நீரை நிறமற்ற பிளாஸ்டிக் போத்தல்களில் நிரப்பி நல்ல வெயிலில் 6 மணிநேரம் கிடத்துவது வாடியில் எனக்குக் கைகொடுக்கும் வழி. வானம் மூடியிருந்தால் அதற்கு 2 நாள்கள் வேண்டும்.

கரையோரத்து உவர்க் கிணறுகளுக்கு இதை வாங்கிப் பயனில்லை. உப்பும், கல் நீரின் சுண்ணாம்பும், வயலிலிருந்து கரைந்து வரும் உரமும் மருந்தும் நீரோடு இரண்டறக் கலந்தவை. அவற்றை இந்தக் கொட்டை தொடுவதேயில்லை.

புதிதாகத் தேடுபவர்கள் காட்டில் தாமாகப் பொறுக்காமல், மரம் தெரிந்தவரிடமோ நம்பிக்கையான நாட்டு மருந்துக் கடையிலோ பெற்றுக்கொள்ளுங்கள். தேத்தாவும் எட்டியும் ஒரே பேரினத்தைச் சேர்ந்த இருவேறு மரங்கள். எட்டிக் கொட்டையில் உள்ள ஸ்ட்ரிக்னைன் உயிர்குடிக்கும் நஞ்சு. எட்டியின் கொட்டை ஏறத்தாழ இரு மடங்கு அகலமானது, சாம்பல் நிறமானது, தட்டையானது, நடுவில் சற்றுக் குழிந்தது. தேத்தாங்கொட்டை சிறியது, உருண்டு தடித்தது. கையில் எடுத்த கொட்டையில் சிறிதளவு ஐயம் இருந்தாலும் அதைப் பானையில் உரைக்க வேண்டாம்.