பில் பணம் வரவில்லை: சிவில் வழக்கா, ரிட் மனுவா?

பாலக்கோட்டில் சாக்கடை கட்டியவரும் ஊத்தங்கரையில் சிமென்ட் சாலை போட்டவரும் கேட்பது ஒன்றுதான். வேலை முடிந்தது, உள்ளாட்சி பணம் தரவில்லை. மாவட்டத்திலேயே சிவில் வழக்குப் போடலாமா, பணம் தர அதிகாரிக்கு உத்தரவிடக் கேட்டுச் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாமா?

செலவு
சிவில்: கேட்கும் தொகையில் 3 சதவீதம் நீதிமன்றக் கட்டணம். 2017க்கு முன் 7.5.
ரிட்: கட்டணம் சொற்பம். வக்கீல் பீஸ் தனி.

காலம்
சிவில்: சாட்சி, குறுக்கு விசாரணை, அப்பீல் என்று இழுக்கும். தொகை 3 லட்சம் அல்லது அதற்கு மேல் என்றால் வணிக வழக்காகும். அவசர நிவாரணம் கேட்காதவர் முதலில் சமரசத்துக்குப் போயாக வேண்டும்.
ரிட்: சீக்கிரம் முடியும். ஆனால் பல நேரம் கிடைப்பது, ‘இவர் கொடுத்த மனுவைப் பரிசீலித்து முடிவெடுங்கள்’ என்று அதிகாரிக்குப் போடும் உத்தரவுதான். அதைக் காசோலை என்று நினைத்துவிடாதீர்கள்.

ஆதாரம்
எல்லாம் இங்கேதான் நிற்கிறது. எம்-புக்கில் (செய்த வேலையின் அளவைப் பதியும் புத்தகம்) அளவு ஏறி, பொறியாளர் கையெழுத்திட்டு, பில்லும் பாஸாகி, ‘நிதி இல்லை’ என்று மட்டும் இழுத்தடித்தால் ரிட் போதும். முதலில் ஆணையருக்கோ செயல் அலுவலருக்கோ எழுத்தில் மனு கொடுத்து ஒப்புகை வாங்குங்கள்.

அளவில் தகராறு, தரம் சரியில்லை என்ற புகார், வாய்மொழியாகச் சொன்ன கூடுதல் வேலை என்றால் சிவில்தான். இத்தகைய சண்டையை ரிட்டில் பொதுவாக விசாரிக்க மாட்டார்கள். வட்டி பெரிய தொகை என்றாலும் சிவிலே மேல்.

அப்புறம், பணம் தரும் தேதி ஒப்பந்தத்தில் இல்லாவிட்டால், வேலை முடிந்த நாளிலிருந்து 3 ஆண்டுதான் சிவில் வழக்குக்குக் கெடு. ‘அடுத்த மாதம் பார்க்கலாம்’ என்ற வாய்ப்பேச்சால் அது நீளாது.