முறிகண்டியில் கச்சான் வாங்கினால் அந்தக் கடைசிக் கடையில் வாங்குங்கள்

கண்டி-யாழ்ப்பாணம் ஏ9 வீதியால் போகிறவர்கள் முறிகண்டிப் பிள்ளையாரடியில் இறங்கித் தேங்காய் உடைத்துவிட்டுத்தான் போவார்கள், திரும்ப ஏறும்போது கையில் ஒரு சரை கச்சானும் (நிலக்கடலை) இருக்கும். எனக்கு மாங்குளத்தில் வேலை, கிளிநொச்சியில் வீடு. கிழமைக்கு இரண்டு தரமாவது அங்கே நிற்பதால் அநேகமாக எல்லாக் கடையிலும் வாங்கியாயிற்று. இப்போது வரிசை முடிகிற இடத்தில், வேப்பமரத்துக்குக் கீழே, வயதான ஐயாவும் அம்மாவும் வைத்திருக்கிற தட்டிக்கடையில் மட்டும்தான் வாங்குகிறேன். 2010 இல் வவுனியா மெனிக் பாம் இடம்பெயர்ந்தோர் முகாமிலிருந்து திரும்பி வந்து தொடங்கின கடையாம்.

ருசிக்குக் காரணம் அந்த அம்மாதான். பாரிசவாதம் வந்து அவருக்கு வலப்பக்கம் இயங்காது, பேச்சும் குழறும். ஐயா தாச்சியில் மணல் சூடாக்கிக் கச்சானை வறுத்து, அரித்து எடுத்த கையோடு விற்கமாட்டார். ஒரு கோதை உடைத்து, தோலை விரலால் தேய்த்து ஊதி, பருப்பை இரண்டாகப் பிளந்து அம்மாவின் வாயில் வைப்பார். "பாரும், காணுமோ?" அம்மா முரசால் (ஈறால்) மெல்ல அரைத்துப் பார்த்துத் தலையாட்டினால்தான் அளக்கிற சுண்டைக் கையில் எடுப்பார், இல்லையென்றால் எல்லாம் திரும்பத் தாச்சிக்குள். பஸ் ஹோர்ன் அடித்தாலும் அப்படித்தான். இவ்வளவு நாளில் ஒரு கருகல் கச்சான் எனக்கு வரவில்லை.

குறை என்றால், அவசரக்காரருக்குச் சரிவராது. வெயில் திரும்பத் திரும்ப அம்மாவின் கதிரையை நிழலுக்கு இழுத்து வைக்க ஐயா எழும்பிவிடுவார், நாங்கள் நிற்கத்தான் வேண்டும். கிளினிக் நாளில் கடை பூட்டு. மாரியில் ஒருதரம் கொஞ்சம் நமுத்துப் போயிருந்தது. சில்லறையும் கொண்டுபோங்கள்.

போன கிழமை நான் நிற்கும்போது கோயில் மணி அடித்தது. ஐயா அம்மாவின் வலக்கையைத் தூக்கி இடக்கையோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டு, அப்படியே இரண்டு பேருமாகக் கும்பிட்டார்கள். என்ன வேண்டினீங்கள் ஐயா என்று கேட்டேன்.

"இவ பொட்டோட போகவேணும் தம்பி. அவவின்ர முப்பத்தொண்டாம் நாள் கிரியை முடியுமட்டும் நான் இருந்தால் காணும்."

அம்மா இடக்கையால் அவரின் முழங்காலில் ஒரு அடி போட்டு, தாச்சிப் பக்கம் கையைக் காட்டி ஏதோ குழறினார். எனக்கு விளங்கவில்லை. ஐயாவுக்கு விளங்கிவிட்டது, அகப்பையோடு எழும்பி ஓடினார்.